ராகு காலத்தில் தொடங்கிய வழக்கு

திருமங்கலத்து அரசு அலுவலகம் ஒன்றில் கண்காணிப்பாளர் நாற்காலி பல வருடம் சும்மாவே கிடந்தது. செல்லக்கிளியா, ஆனிமேரியா, யார் மூத்தவர் என்று வழக்கு முடியும்வரை யாரும் உட்காரக் கூடாதென்று தடை. அதில் ஒரு பூனை குட்டி போட்டு, அந்தக் குட்டியும் குட்டி போட்டு, கடைசியில் பூனைகளே சீனியாரிட்டி பார்த்துப் படுத்தன என்றால் நம்பமாட்டீர்கள். நம்ப வேண்டாம். நாற்காலி காலி என்பது மட்டும் சத்தியம்.

வினை, வேலையில் சேர்ந்த வெள்ளிக்கிழமையிலேயே பிடித்தது. குடும்பத்தில் முதல் அரசாங்க உத்தியோகம் என்று, அடுத்தவர் காட்டில் களை பறித்தே காய்த்துப்போன கையால் மகளைப் பிடித்துக்கொண்டு, கல்லுப்பட்டியிலிருந்து முதல் பஸ்ஸிலேயே வந்துவிட்டாள் சீனியம்மாள். அதிகாரி வருவதற்குள் மணி பத்தரை.

"ராகு காலம் கழியட்டும், இருத்தா," என்று செல்லக்கிளியை வாசலிலேயே நிறுத்தினாள்.

அந்த நேரம் பார்த்து மிஷன் பள்ளி வாத்தியார் மகள் ஆனிமேரி வந்தாள். "ஆபீஸ் எதுங்க?" என்றாள். செல்லக்கிளிதான் கை காட்டினாள். ஆனிமேரி நேரே போய் முற்பகலில் கையெழுத்திட்டாள். ராகு காலம் முடிந்து செல்லக்கிளி போனால் அதிகாரி சாப்பாட்டுக்குக் கிளம்பியிருந்தார். அவளுக்குப் பிற்பகல். அரைநாள் வித்தியாசத்தில் இளையவளாகிவிட்டாள்.

பதவி உயர்வு வந்தபோது செல்லக்கிளி வழக்குப் போட்டாள். ஒவ்வொரு வாய்தாவுக்கும் இருவரும் ஒரே பஸ்ஸில் ஒத்தக்கடை ஹைகோர்ட்டுக்குப் போனார்கள். முதலில் ஆளுக்கொரு மூலை. போகப் போகப் பக்கத்து சீட்டு. இவள் புளிச்சோறு, அவள் அவித்த முட்டை.

"எதிர்மனுதாரம்மா, முட்டைக்கு உப்புப் போடலயா?"

"ஒன் வாய்க்கு இது போதும்டி!"

இருவரும் சிரிக்கிற சிரிப்பில் பஸ்ஸே திரும்பிப் பார்க்கும்.

ஆனிமேரிக்கு ஓய்வு நெருங்கியது. அதுவரை அவள் உட்காரட்டும், பிறகு செல்லக்கிளி உட்காரட்டும், சம்மதத்தோடு வழக்கை முடிப்போம் என்றார் செல்லக்கிளியின் வக்கீல் அழகுபாண்டி. அலுவலகமும் ஒத்துக்கொண்டது. செல்லக்கிளிதான் மசியவில்லை. 'எம் புத்தியாலதான ஒன் வேல பின்னுக்குப் போச்சு' என்று புலம்பியபடியே கண் மூடியிருந்தாள் அவள் அம்மா சீனியம்மாள்.

"இன்னும் எதுக்குடி முறுக்கிக்கிற?" என்றாள் ஆனிமேரி.

"நாற்காலியில நீயே மொதல்ல உக்காந்துக்க. நாந்தான் மொதல்ல வந்தேன்னு எங்கயாச்சும் எழுதணும். எங்காத்தா என்னைய நேரத்துக்குத்தான் கொண்டாந்து நிப்பாட்டுச்சு."

வக்கீல் சிரித்தார். "வாசல்ல நின்னதுக்கெல்லாம் சட்டத்துல சீனியாரிட்டி கெடையாதும்மா."

"அவ சீனியாரிட்டியா கேக்குறா? நடந்தத எழுதச் சொல்றா. எழுதுங்கண்ணே. இல்லாட்டி நான் கையெழுத்துப் போட மாட்டேன்," என்றாள் ஆனிமேரி.

ஆனிமேரி சொன்னதாக எழுதினார்கள்: 'அன்று முதலில் வந்தவர் மனுதாரரே. எனக்கு வழி காட்டியவரும் அவரே.'

நீதிபதி அந்த வரியை இரண்டு தடவை வாசித்துவிட்டு, "இருவருக்கும் சம்மதமா?" என்றார்.

"சம்மதம்ங்கய்யா," என்றாள் செல்லக்கிளி. வழக்கு முடிந்தது.

வெளியே வந்ததும் ஆனிமேரி பழக்கதோஷத்தில், "அடுத்த வாய்தா என்னைக்கு?" என்று கேட்டுவிட்டு நாக்கைக் கடித்துக்கொண்டாள்.

"வாய்தாவும் இல்ல, ஒண்ணும் இல்ல. நாளைக்கு வெரசா வந்து சேருங்க, சூப்பிரண்டம்மா," என்றாள் செல்லக்கிளி. தன் வாயாலேயே அதைச் சொன்னபோது வலிக்கவில்லை. அவளுக்கே அது ஆச்சரியமாக இருந்தது.