தொலைக்காட்சியில் சொன்ன தலாக்

எங்கள் ஊரில் ஒருவனை நடிகன் என்று சொன்னால் அது ஏச்சு. அந்த ஏச்சிலேதான் நான் சோறு தின்றேன். கல்முனையில் பஸ் ஏறிக் கொழும்பில் இறங்கினால், எனக்கென்று ஒரே பாத்திரத்தை எடுத்து வைத்திருப்பார்கள்: கடைக்கார நானா, அதாவது முஸ்லிம் முதலாளி. தொப்பியைப் போடு, தராசைப் பிடி, கொச்சையாகக் கதை, கதாநாயகனிடம் அடி வாங்கு. சினிமாப் படமென்றாலும் அதே நானாதான். அடி மட்டும் கொஞ்சம் பலமாக விழும்.

தலை நரைத்த பிறகுதான் ஒரு டெலிநாடகத்தில் மனுஷனாக நடிக்கக் கிடைத்தது. பெண்சாதியைச் சந்தேகப்பட்டுத் தலாக் சொல்லிவிட்டு, பிறகு காலமெல்லாம் வெந்து சாகிற ஒருவன். அந்தத் தலாக் காட்சியை இயக்குநர் திரும்பத் திரும்ப எடுத்தார். முன்னால் ஒரு தடவை, பக்கத்திலிருந்து ஒரு தடவை, கோபம் போதாதென்று இன்னொரு தடவை. நான் உயிரைக் கொடுத்து நடித்தேன். அதுதான் பிழையாகப் போனது.

காட்சி ஒளிபரப்பானதும் அதை வெட்டியெடுத்து ஊரெல்லாம் போனில் அனுப்பிவிட்டார்கள். நடிப்பைப் பற்றி ஒருத்தரும் கதைக்கவில்லை. விளையாட்டுக்குச் சொன்னாலும் தலாக் தலாக்தானே, இனி இவன்ட பொஞ்சாதி இவனுக்கு ஹலால்தானா என்பதுதான் தேநீர்க்கடையில் பேச்சு. நான் பஸ்ஸால் இறங்கி வீட்டுக்குப் போனால், மனைவியின் அண்ணன், எங்கள் வழக்கில் காக்கா, கேற்றைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

"மச்சான், மார்க்கத் தீர்ப்புத் தெரியுமட்டும் நீங்க உம்மாட ஊட்ட போய் இருங்க."

"அது நடிப்பு மச்சான்!"

"ஓம், நடிப்புத்தான். வாயால சொன்னீங்களா, இல்லியா?"

எங்கள் பக்கத்தில் வீடு பெண்ணுக்குச் சீதனமாகக் கொடுப்பது. அவளுடைய வீட்டுக்குள் போக எனக்கு என்ன உரிமை? பையைத் தூக்கிக்கொண்டு உம்மாவின் ஊரான மாவடிப்பள்ளிக்குப் போனேன். தராசு பிடித்த நானாவாகவே இருந்திருக்கலாம் என்று அன்றைக்குத்தான் நினைத்தேன்.

மார்க்கத் தீர்ப்புச் சொன்ன மௌலவி நல்ல மனுஷன். "நீங்க சொன்னது நாடகத்தில வாற பொம்புளைக்கு. உங்கட பொஞ்சாதிக்கு இல்ல. தலாக் விழல்ல," என்று அடித்துச் சொன்னார். ஆனால் ஊர் வாயை மூட உலைமூடியா இருக்கிறது? காக்கா விடவில்லை. பேணுதலுக்காக, சந்தேகமே இல்லாமல் இருக்க, நிக்காஹ்வை ஒருதரம் புதுப்பித்துவிடலாம் என்று முடிவானது.

அவளுடைய வாப்பா மவுத்தாகிவிட்டதால் காக்காதான் வலி, பெண்ணைக் கொடுக்கிற பொறுப்பாளர். கேற்றில் என்னை மறித்த அதே கையை நிக்காஹ் சொல்ல நான் பிடிக்க வேண்டும். அதற்கு முன் மௌலவி வழக்கப்படி அறை வாசலில் நின்று, சம்மதமா, மாப்பிள்ளை கொடுக்க வேண்டிய மஹர் என்ன வேணும் என்று அவளிடம் கேட்டார்.

"இவர் இனி நடிக்கப் போகப்படாது. அதான் என்ட மஹர்," என்றாள் உள்ளேயிருந்து.

"மஹர் என்டா கையில குடுக்கிற சாமானா இரிக்கோணும், மகள்."

"அப்ப ஒரு மோதிரத்த எழுதுங்க. எனக்கு வேண்டியது இதுதான்."

காக்கா சொல்லிக் கொடுத்திருப்பார் என்று நினைத்து அவர் முகத்தைப் பார்த்தேன். அவரும் திகைத்துப்போய்த்தான் இருந்தார். அவளுடைய சொந்த யோசனைதான். எழுந்து போயிருக்கலாம். எங்கே போவது? "கபூல் செய்தேன்" என்று ஏற்றுக்கொண்டேன். அவள் விரலில் மோதிரத்தையும் போட்டேன்.

நாடகம் நிற்கவில்லை. என் இடத்துக்கு வேறொருவரைப் பிடித்துவிட்டார்கள். நான் இப்போது காக்காவின் புடவைக் கடையில் துணி அளக்கிறேன். மஃரிப் தொழுதுவிட்டு வந்தால் மனைவி தொலைக்காட்சிக்கு முன்னால் இருப்பாள். ஒரு நாளும் தவறவிடமாட்டாள். நேற்று, தலாக் சொன்னவன் மகளிடம் மன்னிப்புக் கேட்கிற காட்சி. நான் ஒத்திகை பார்த்து வைத்திருந்த காட்சி. புதியவர் அதை மரக்கட்டை போல ஒப்புவித்தார்.

அவள் முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டு, "இஞ்சருங்க, இத நீங்க செஞ்சிருந்தா எவ்வளவு நல்லா இரிந்திரிக்கும்," என்றாள்.

கொடுத்த மஹரைத் திருப்பிக் கேட்கிற வழக்கம் எங்களுக்குள் இல்லை.