கார்பன் அக்காவின் மஞ்சள் தாள்

கல்லூரி மைதானத்தின் ஓரத்தில், பந்து வைக்கும் அறைக்கும் கழிப்பறைக்கும் நடுவே முதலுதவி அறை இருக்கிறது. ஒரு கட்டில், ஒரு மேஜை, ஐஸ் வைக்க ஒரு பழைய குளிர்பெட்டி, பூட்டுப் போட்ட அலமாரி. அங்கே இருபத்திரண்டு வருஷமாக நர்ஸ் வேலை பார்ப்பவளை விளையாட்டுப் பையன்கள் கார்பன் அக்கா என்பார்கள். முகத்துக்கு நேராகவே சொல்வார்கள். அவளும் "என்னடா?" என்று திரும்புவாள்.

பெயர் சும்மா வரவில்லை. வேலைக்குச் சேர்ந்த இரண்டாம் வருஷம் ஒரு பையனுக்குக் கணுக்கால் முறிந்தது. ஓய்வு வேண்டும் என்று அவள் வாயால் சொன்னாள். கேட்காமல் ஆடவிட்டார்கள். கால் கோணிப்போனதும், "நர்ஸ் எங்ககிட்ட சொல்லவே இல்லையே" என்று அத்தனை பேரும் கையை விரித்தார்கள். தலை தப்பியது தம்பிரான் புண்ணியம். அன்றிலிருந்து அவள் வாயை நம்புவதில்லை, தாளைத்தான் நம்புகிறாள். கல்லூரிக் கால்பந்து லீக்கின் காயப் படிவம் மூன்று தாள், நடுவே கார்பன். வெள்ளை லீக்குக்கு, ரோஸ் கல்லூரி அலுவலகத்துக்கு, மஞ்சள் காயம்பட்டவரின் நெருங்கிய உறவுக்கு. மற்றக் கல்லூரிகளில் மஞ்சள் தாளில் பையன்கள் ராக்கெட் விடுவார்கள். இவள் மட்டும் அதை உரிய ஆள் கையில் கொடுத்துப் பதிவேட்டில் கையெழுத்து வாங்குவாள். ஒருமுறை சுளுக்குக்கு அனுப்பிய மஞ்சள் தாளைப் பார்த்து ஒரு தகப்பனார், மகன் போய்ச் சேர்ந்துவிட்டான் என்று நினைத்து, உறவுக்காரர்கள் எட்டுப் பேரோடு வந்து இறங்கினார். அதற்குப் பிறகும் அவள் வழக்கத்தை விடவில்லை.

இந்தக் கதைக்குக் காரணமான படிவம் ஒரு திங்கட்கிழமை காலை எழுதப்பட்டது. கோச் ஒருவனைத் தோளில் கைபோட்டு அழைத்து வந்தார். பத்திரிகைக்காரர்கள் அவனைப் 'புயல்' என்று எழுதுவார்கள். முந்தின நாள் அரையிறுதியில் இரண்டு கோல் போட்டுக் கல்லூரியை இறுதிப் போட்டிக்குக் கொண்டுபோனவன். வலது கை வீங்கிக் கிடந்தது.

"பிராக்டீஸ்ல விழுந்துட்டான் சிஸ்டர். எழுதிக்குங்க" என்றார் கோச்.

"நேத்து மேட்ச். இன்னிக்கு இன்னும் பிராக்டீஸே ஆரம்பிக்கலையே சார்."

"நேத்து சாயங்காலம் லேசா பண்ணினோம்."

அவள் கையைத் திருப்பிப் பார்த்தாள். முட்டித் தோலில் இரண்டு பல் தடம், அச்சுக் குத்தியதுபோல இருந்தது.

"விழுந்த இடத்துல தரைக்குப் பல்லு முளைச்சிருந்துச்சா?"

புயல் சிரித்தான். கோச் சிரிக்கவில்லை. "காரணம்ங்கிற இடத்துல நான் சொல்றத எழுதுங்க. இன்னும் நாலு வருஷம் சர்வீஸ் இருக்கில்ல உங்களுக்கு?"

எழுதினாள். 'காரணம்: பயிற்சியில் விழுந்தது, கோச் கூறியபடி.' அதற்குக் கீழே காயத்தின் விவரம் என்று ஒரு கட்டம். அது நர்ஸின் கட்டம், யார் சொல்லியும் எழுதுவதில்லை. 'சுண்டுவிரல் முட்டி எலும்பு முறிவு போலுள்ளது. தோலில் இரண்டு பல் தடம்.' எக்ஸ்ரே வந்ததும் அதையும் சேர்த்து வெள்ளைத் தாளை அன்றைக்கே லீக்குக்கு அனுப்பினாள். கோச் கீழ்க் கட்டத்தைப் படிக்கவில்லை. படிக்கிற பழக்கம் இருந்தால் அவர் ஏன் கோச்சாகிறார்?

பதினொரு மணிக்குப் புயலின் மனைவி வந்தாள். அதே கல்லூரி நூலகத்தில் உதவியாளர் அவள். கல்யாணமாகி ஒரு வருஷம். அவள் வேலைக்காகக் கொடுத்த குவார்ட்டர்ஸில்தான் புருஷனும் குடியிருக்கிறான். வாயைக் கைக்குட்டையால் பொத்தியிருந்தாள். கீழுதடு கிழிந்து, முன்பல் ஒன்று ஆடியது. ஜெயித்த அன்றைக்கு வீட்டுக்கு வந்த நண்பர்களுக்குக் கதவு திறக்கத் தாமதமாம், அதற்கு. கார்பன் அக்கா துடைத்து, மருந்து போட்டு, பல் டாக்டருக்குச் சீட்டெழுதினாள். பிறகு, பழக்கதோஷம், மேஜைமேல் கிடந்த மஞ்சள் தாளை எடுத்து நீட்டினாள். நெருங்கிய உறவு என்ற இடத்தில் மனைவி என்றுதானே அவன் எழுதிக் கொடுத்திருக்கிறான்.

அந்தப் பெண் படித்தாள்.

"பிராக்டீஸ்ல விழுந்தாராக்கா?"

கார்பன் அக்கா பஞ்சு டப்பாவை மூடித் திறந்து மூடினாள். வெட்கமாக இருந்தது. இருபது வருஷமாக நம்பிய தாளுக்கு அவளே துரோகம் செய்துவிட்டாள்.

அந்தப் பெண் கல்லூரியில் புகார் கொடுத்தாள். விசாரணைக் குழு என்று ஒன்று போட்டார்கள். தலைவர் முதல்வர், உறுப்பினர் கோச். நடுநிலை வேண்டாமா, அதற்காகக் கல்லூரி முன்னாள் கேப்டன் ஒருவர். அவள் கேட்டது அதிகமில்லை. அவன் குவார்ட்டர்ஸை விட்டுப் போக வேண்டும், அவ்வளவுதான். குழு அவளுக்குத் தண்ணீர் கொடுத்து உபசரித்துவிட்டு, இறுதிப் போட்டி முடியும்வரை அம்மா வீட்டில் இருந்தால் என்ன என்று கேட்டது. "பையன் டென்ஷன்ல இருக்கான்மா" என்றார் முதல்வர். "அவன் எதிர்காலத்தையும் நாம பாக்கணும்ல." அவளுடைய பல்லுக்கும் ஒரு எதிர்காலம் உண்டு என்பது அந்த மேஜையில் யாருக்கும் தோன்றவில்லை. மாமியார் உடைத்தால் மண்குடம், மருமகள் உடைத்தால் பொன்குடம்; கோல் அடிக்கிறவன் உடைத்தால் குடமே கிடையாது.

இரண்டாம் வாரம் தீர்ப்பு வந்தது. கை முறிந்தது பயிற்சியில்தான் என்று முதலுதவிப் படிவம் சொல்கிறது. ஆகவே புகார் பொய். இறுதிப் போட்டி நடக்கும் சனிக்கிழமைக்குள் எழுத்துமூலம் வாபஸ் வாங்காவிட்டால், பொய்ப்புகார் கொடுத்ததற்காக வேலையிலிருந்து நீக்கம். வேலை போனால் குவார்ட்டர்ஸும் போகும். அடி வாங்கியவள் தெருவில் நிற்க வேண்டும் என்பதை இவ்வளவு நாகரிகமாக ஒன்றரைப் பக்கத்தில் எழுதியிருந்தார்கள். கார்பன் அக்காவை அவர்கள் கூப்பிடவே இல்லை. அவளாகவும் போகவில்லை. 'நாலு வருஷம், நாலு வருஷம்' என்று மனசுக்குள் ஜெபம்போலச் சொல்லிக்கொண்டிருந்தாள்.

இறுதிப் போட்டி வாரத்துப் புதன்கிழமை காலை அணிப் பட்டியல் லீக்குக்குப் போனது. பட்டியல் வந்தால்தான் லீக் ஆட்கள் காயப் படிவக் கோப்புகளைத் திறப்பார்கள். திறந்தார்கள். மதியம் மூன்று மணிக்கு முதல்வர், கோச், புயல் மூவரும் முதலுதவி அறைக்குள் நுழைந்தார்கள். முதல்வர் அந்த அறைக்குள் வந்தது அதுதான் முதல் தடவை. உட்கார இடம் தேடிக் கடைசியில் கட்டிலில் உட்கார்ந்தார்.

விஷயம் இதுதான். பயிற்சியில் எலும்பு முறிந்தால் ஆறு வாரம் கட்டாய ஓய்வு என்பது லீக் விதி. மூன்று வாரம்தான் ஆகியிருக்கிறது. புயல் ஆட முடியாது. சொந்தச் செலவில் சூனியம் என்பது இதுதான்.

"அந்தப் படிவத்தக் கிழிச்சிடுங்க சிஸ்டர்" என்றார் கோச்.

"வெள்ளத் தாள் அவங்ககிட்ட இருக்கே சார்."

முதல்வர் கைப்பேசியை மேஜைமேல் வைத்து, எல்லோரும் கேட்கும்படி லீக் டாக்டரிடம் பேசினார். படிவத்தில் தவறு நேர்ந்துவிட்டது, காயம் பயிற்சியில் பட்டதல்ல என்றார். அப்படியானால் எதனால் என்று டாக்டர் கேட்டார்.

"குளியலறையில..." என்று ஆரம்பித்தார் கோச்.

"எக்ஸ்ரே என் கையில இருக்கு சார்" என்றது குரல். "இது குத்தினதுல உடைஞ்ச எலும்பு. பல் தடம்னு உங்க நர்ஸே எழுதியிருக்காங்க. யாரக் குத்தினாருன்னு சொல்லணும். எதிரணி ஆளுன்னா ஒரு வருஷம் தடை. பார்வையாளர்னா ரெண்டு வருஷம். ரெஃப்ரின்னா ஆயுளுக்கும்."

முதல்வர் குரலைத் தாழ்த்தினார். "வீட்டுல... அதாவது, சம்சாரத்த?"

அந்தப் பக்கம் தாள் புரளும் சத்தம் கேட்டது. வெகுநேரம் புரண்டது.

"சம்சாரம்னு பட்டியல்ல இல்ல சார். ஆட்டத்துக்கு வெளியே பட்ட காயம்னு வரும், அதுக்கு ஆறு வார ஓய்வு கிடையாது. ஆடத் தகுதின்னு ஒரு சான்றிதழும், எப்படி ஆச்சுன்னு எழுதின திருத்தப் படிவமும் இன்னிக்கே வந்தா ஆடலாம்."

கோச் பெருமூச்சு விட்டார். புயல் முகம் மலர்ந்தது. மூன்று வாரமாக நடக்கவே இல்லை என்று சாதித்தது, ஒரே நிமிஷத்தில் நல்ல சேதியாகிவிட்டது. கார்பன் அக்காவுக்கு உடம்பெல்லாம் எரிந்தது. ஆனால் அவள் அலமாரியைத் திறந்து புதுப் படிவம் ஒன்றை எடுத்து, மேஜைமேல் வைத்து, முதல்வர் பக்கம் தள்ளினாள்.

"நீங்க எழுதுங்க" என்றார் கோச்.

"நான் வீட்டுல இல்லையே சார். போன தடவ பாக்காதத எழுதித்தான் இவ்வளவு சிக்கல். திருத்தம்னா தெரிஞ்சவங்க எழுதணும், நிறுவனத் தலைவர் எழுதணும், காயம்பட்டவரும் கோச்சும் சாட்சிக் கையெழுத்துப் போடணும். பின்னாடி அச்சடிச்சிருக்கு, பாருங்க."

அச்சடித்திருந்தது. அவளைத் தவிர யாரும் அதற்குமுன் படித்ததில்லை. முதல்வர் கடிகாரத்தைப் பார்த்தார், பேனாவைத் திறந்தார். அழகான கையெழுத்து அவருக்கு. 'இக்காயம் பயிற்சியில் ஏற்பட்டதன்று. மேற்படி வீரர் தம் இல்லத்தில் தம் மனைவியின் வாயில் குத்தியபோது ஏற்பட்டது. முந்தைய பதிவு தவறானது.'

"அழுத்தி எழுதுங்க சார்" என்றாள் கார்பன் அக்கா. "மூணு தாள்."

முதல்வர் அழுத்தி எழுதினார். கோச் கையெழுத்துப் போட்டார். புயல் இடது கையால் கோணல்மாணலாகப் போட்டான். வெள்ளைத் தாளைக் கிழித்துக்கொண்டு மூவரும் ஓடினார்கள். தவளை தன் வாயால் கெடும் என்பார்கள். இந்தத் தவளைகள் எழுத்தாலேயே கெட்டன, அதுவும் கார்பன் வைத்து.

ரோஸ் தாளை அலுவலகத் தபால் பெட்டியில் போட்டுவிட்டு, மஞ்சள் தாளோடும் பதிவேட்டோடும் அவள் நூலகத்துக்குப் போனாள். யாரும் அவளை அனுப்பவில்லை, யாரும் தடுக்கவுமில்லை. விதி அது. மைதானத்தைக் குறுக்கே கடந்தாள். நாலு வருஷம் என்ற ஜெபம் நாக்கில் வந்தது, விழுங்கினாள்.

அந்தப் பெண் திரும்பி வந்த புத்தகங்களை அடுக்கிக்கொண்டிருந்தாள். மேஜைமேல் பாதி எழுதிய வாபஸ் கடிதம் இருந்தது. மஞ்சள் தாளை வாங்கி ஒருமுறை படித்தாள். உட்கார்ந்து இன்னொரு முறை படித்தாள்.

"மூணு வாரமா இத எழுதச் சொல்லித்தானக்கா கெஞ்சினேன். இப்ப யாருக்காக எழுதினாங்க?"

"சனிக்கிழமை மேட்சுக்காக" என்றாள் கார்பன் அக்கா. "அன்னிக்கு நான் கொடுத்த தாள் பொய்மா. என் கையால எழுதின பொய். எங்க வேணா வந்து சொல்றேன்."

அந்தப் பெண் பேனாவை எடுத்தாள். பதிவேட்டில் கையெழுத்துப் போட்டாள். பிறகு வாபஸ் கடிதத்தை எடுத்து நாலாய்க் கிழித்து, குப்பைக்கூடையில் போட்டாள்.

சனிக்கிழமை மாலை கல்லூரியே மைதானத்தில் இருந்தது. புயல் கையில் உறையோடு இறங்கினான். கைதட்டல் பிரதான சாலைவரை கேட்டது. அந்தச் சாலையின் கடைசியில் இருக்கிற காவல் நிலையத்தில், உதட்டில் தழும்போடு ஒருத்தியும் பதிவேட்டை மடியில் வைத்துக்கொண்டு ஒருத்தியும் பெஞ்சில் உட்கார்ந்திருந்தார்கள். ஆய்வாளர் புகாரை அசிரத்தையாகப் புரட்டினார்.

"குடும்பத் தகராறு. சாட்சி யாராவது இருக்காங்களாம்மா?"

அவள் மஞ்சள் தாளை மேஜைமேல் வைத்தாள். "காலேஜ் முதல்வர், கோச், என் புருஷன். மூணு பேரும் கையெழுத்துப் போட்டிருக்காங்க சார்."

ஆய்வாளர் படித்தார். கண்ணாடியை மாட்டிக்கொண்டு மறுபடி படித்தார். நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"இவங்கெல்லாம் இப்ப எங்க இருக்காங்க?"

"மைதானத்துலதான் சார்" என்றாள் கார்பன் அக்கா. "இடைவேளை விட்டிருப்பாங்க. இன்னும் நாப்பத்தஞ்சு நிமிஷம் அங்கதான் இருப்பாங்க."