எட்டடிக் குழிக்குள் ஒரு கடற்கரை

நாலு வருஷத்துக்கு முந்தைய மே மாதம், ஒரு புதன்கிழமை. மந்தைவெளியில், ரயில் நிலையத்திலிருந்து நடந்துபோகிற தூரத்தில் இருக்கும் எங்கள் வீட்டுப் பின்பக்கத்தில் நடந்தது இது.

முதலில் என்னைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். தி.நகரில் பாத்திரக்கடை வைத்திருக்கிறேன். சொந்த ஊர் சங்கரன்கோவில் பக்கம். சென்னைக்கு வந்து முப்பது வருஷம் ஆகியும், எதை எடுத்தாலும் “எங்க ஊர்ல...” என்று ஆரம்பிக்கிற ஆள். நான் அப்படி ஆரம்பித்தாலே என் மனைவி எழுந்து அடுப்படிக்குப் போய்விடுவாள்.

அந்தக் கோடையில் எங்கள் வீட்டு போர்வெல் தண்ணீர் உப்பாகிவிட்டது. பக்கத்து வீட்டுக்காரர், “ஆழமாப் போனதுதான் தப்பு. பதினஞ்சு அடியில உறைக் கிணறு போடுங்கோ, கல்கண்டாட்டம் தண்ணி வரும்” என்றார். எனக்குச் சிரிப்பு வந்தது. பதினைந்து அடியில் கிணறா? எங்கள் ஊரில் எண்பது அடி, அதுவும் பாறையை வெடிவைத்து உடைத்து இறங்கவேண்டும். அப்படி இறங்கியும் மழைக்காலத்தில்தான் தண்ணீரைக் கண்ணால் பார்க்கலாம். இருந்தாலும் லாரித் தண்ணீருக்குக் காத்துக் காத்து அலுத்துப்போய்ச் சரி என்றேன்.

தோண்ட வந்தது ஒரு கணவன் மனைவி. இருவருக்கும் நாற்பதைத் தாண்டிய வயது. அவர் குழிக்குள் இறங்கி வெட்டுவார். அந்த அம்மா மேலே நின்று, மணல் கூடையைக் கயிற்றில் இழுத்துக் கொட்டுவார். இந்த வேலைக்கு ஒரு முறை இருக்கிறது. வட்டமான சிமென்ட் உறை ஒன்றைத் தரையில் வைத்து, ஆள் அதற்குள் உட்கார்ந்து தோண்டவேண்டும். அடி மணல் குறையக் குறைய உறை தன் எடையிலேயே கீழே இறங்கும். அதன் தலையில் அடுத்த உறையை வைப்பார்கள். தோண்டுகிறவர் எப்போதும் உறைக்குள்ளேயே இருப்பார்.

அன்று காலை ஆறு மணிக்கே இருவரும் வந்துவிட்டார்கள். உறை ஏற்றிய வண்டிதான் வரவில்லை. வெள்ளிக்கிழமை ஆகும் என்று போனில் சொன்னார்கள். எனக்கோ ஞாயிற்றுக்கிழமை பேத்திக்குக் காதுகுத்து. வீடு நிறைய ஊர்க்காரர்கள் வருவார்கள். உப்புத் தண்ணீரில் அவர்களைக் குளிக்கவைத்து என் மானம் போகவேண்டுமா? வண்டி வருவதற்குள் எட்டு, ஒன்பது அடி தோண்டி வைத்துவிட்டால், மிச்சத்தை உறை இறக்கிச் சனிக்கிழமைக்குள் முடித்துவிடலாம் என்று கணக்குப் போட்டேன்.

“உறை இல்லாம எறங்கக் கூடாது அண்ணாச்சி. இந்த மண்ணு நிக்காது” என்றார் அவர்.

“எங்க ஊர்ல எம்பது அடிக் கெணறு ஒரு உறையும் இல்லாம நிக்கி. எட்டடிக்கா பயப்படுதீரு? சும்மா எறங்கும்வே” என்றேன்.

அவருக்கு ரோஷம் வந்திருக்க வேண்டும். வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு வேலையை ஆரம்பித்துவிட்டார். அந்த அம்மாவின் முகத்தில் சம்மதம் இல்லை. நான் அதைப் பார்த்தும் பார்க்காத மாதிரி இருந்தேன்.

குழி எனக்குத்தான் சாட்சி சொன்னது. பத்து மணிக்கு எட்டடி. பக்கங்கள் கத்தியால் வெட்டிய அல்வா மாதிரி செங்குத்தாக நின்றன. நான் நாற்காலி போட்டு உட்கார்ந்து, “பாத்தீரா, நிக்குதுல்லா?” என்று இரண்டு தடவை சொன்னேன். ஈர மணல் ஈரம் இருக்கிறவரைதான் நிற்கும் என்பது எனக்குத் தெரியாது. அப்போதுதான் வெயில் வேப்பமரத்தைத் தாண்டிக் குழியின் விளிம்பில் விழ ஆரம்பித்திருந்தது.

அந்த அம்மா கூடையை இழுப்பதைச் சட்டென்று நிறுத்தினார். விளிம்பையே உற்றுப் பார்த்தார். நானும் பார்த்தேன். ஓட்டை விழுந்த சீனிப்பையிலிருந்து ஒழுகுகிற மாதிரி, நூல் கனத்தில் மணல் உள்ளே இறங்கிக்கொண்டிருந்தது. அவ்வளவுதான். அதில் பயப்பட என்ன இருக்கிறது என்று நினைத்தேன்.

“யோவ், மேல வா.”

“இன்னும் ஒரு அடி...” என்றார் அவர் உள்ளேயிருந்து.

“ஆமாம்மா, ஒரு அடிதானே, முடிச்சிட்டு வரட்டும்.” இதைச் சொன்னது நான். இந்த வாயால்தான் சொன்னேன்.

அந்த அம்மா என் பக்கம் திரும்பக்கூட இல்லை. “உன் அடிய நீயே வெச்சிக்கோ அண்ணாச்சி. மண்ணு ஒழுவிக்கினு கீது, தெரியல? யோவ், மம்புட்டிய போடுய்யா! ஏறு!” என்று கத்தியபடியே கயிற்றை வேப்பமரத்தில் ஒரு சுற்றுச் சுற்றிக்கொண்டு இழுத்தார். அவர் கயிற்றைப் பிடித்து ஏறினார். மார்பு விளிம்புக்கு மேலே வந்த நேரத்தில் எதிர்ப்பக்கச் சுவர் அப்படியே உட்கார்ந்தது. சத்தமே இல்லை. பெரிய கும்பா நிறைய மாவைக் கவிழ்த்தது போல ஒரு மூச்சு, அவ்வளவுதான். அவருடைய கால்கள் முழங்கால்வரை மணலுக்குள் போய்விட்டன. அந்த அம்மா ஒரு கையையும் நான் ஒரு கையையும் பிடித்து இழுத்தோம். என் செருப்பு எங்கே போனது என்று இன்றுவரை தெரியாது. அவர் வெளியே வந்து விழுந்தார். அவர் நின்றிருந்த இடத்தில் ஐந்தடிக்கு மணல் ஏறியிருந்தது. மண்வெட்டியும் கூடையும் அதற்கு அடியில்.

நான் தரையில் உட்கார்ந்துவிட்டேன். “தப்பு என்மேலதான்” என்றேன். அவர் ஒரு சொம்புத் தண்ணீரை ஒரே மூச்சில் குடித்தார். அந்த அம்மா அவர் முதுகில் ஒட்டியிருந்த மணலைத் தட்டிவிட்டபடி, “உங்க ஊர்ல கல்லு, நிக்கும். இது கடல் மண்ணு. அதுங்கிட்ட போயி உங்க ஊர்க் கதைய சொன்னா கேக்குமா?” என்றார். குரலில் கோபம்கூட இல்லை. திட்டியிருந்தால் தேவலை என்று இருந்தது.

கொஞ்ச நேரம் கழித்துத்தான் தலையைத் தூக்கினேன். மணல் சரிந்த பக்கம் புதிதாக ஒரு சுவர் தெரிந்தது. அதைப் பார்த்ததும் எல்லாம் மறந்துபோனது. வெளிர் மஞ்சள் மணல். அதற்குக் கீழே பென்சிலால் கோடு போட்ட மாதிரி கறுப்பு மணல். மறுபடி மஞ்சள். இரண்டரை அடி ஆழத்தில் ஒரு வரிசை முழுக்கக் கிளிஞ்சல்! அலை ஒதுக்கிவிட்டுப் போனது போலவே, கொஞ்சம் வளைந்த வரிசை. சில கிளிஞ்சல்கள் உடையக்கூட இல்லை. கடல் எங்கள் வீட்டிலிருந்து ஒரு மைலுக்குக் குறையாது. நானோ என் வீட்டுத் துணி காயப்போடுகிற கொடிக்குக் கீழே ஒரு கடற்கரையைப் பார்த்துக்கொண்டிருக்கிறேன்.

“இங்க கடலா இருந்துச்சு?” என்றேன்.

“இருந்துக்கீது” என்றார் அவர்.

“எப்ப போச்சு?”

“எனக்கு இன்னா தெரியும் அண்ணாச்சி? எங்க நைனாவுக்கே தெரியாது.” அந்த நிலையிலும் மூன்று பேரும் சிரித்தோம். சிரித்தபோதுதான் எனக்குக் கண் கலங்கியது.

காதுகுத்து லாரித் தண்ணீரிலேயே நடந்தது. என் மானம் ஒன்றும் போகவில்லை. அடுத்த வாரம் இருவரும் திரும்ப வந்து முறைப்படி உறை இறக்கினார்கள். அவர்கள் வந்ததே பெரிய விஷயம். பதினான்காவது அடியில், எந்தப் பக்கத்திலிருந்து என்று தெரியாமல், சுற்றிலும் மணல் வியர்த்து நீர் ஊறியது. கையில் அள்ளிக் குடித்தேன். துளி உப்பில்லை. கடலுக்கு இவ்வளவு பக்கத்தில்!

கடைக்கு வரும் ஒரு கல்லூரி ஆசிரியையிடம் கேட்டேன். கடல் ஆயிரக்கணக்கான வருஷங்களில் பின்வாங்கிப் போட்டுவிட்டுப் போன மணல் மேடு இது, பெய்கிற மழையைக் குடித்து வைத்துக்கொள்கிறது, கனமான உப்பு நீருக்கு மேலே அந்த நல்ல நீர் நிற்கிறது, ஆழமாகக் குடைந்தால் உப்புதான் வரும் என்றார். வேளச்சேரியில் என் மகள் வீட்டுத் தெருவில் முழங்காலளவு மழைநீர் நாள்கணக்கில் நிற்கும். அதே மழை எங்கள் பின்பக்கத்தில் அரை மணியில் காணாமல் போகும். எங்கள் தெருச் சாக்கடை நல்லது என்று பெருமை பேசியிருக்கிறேன். அங்கே சதுப்பு நிலக் களிமண், இங்கே மணல், அவ்வளவுதான் விஷயம். இன்னும் கொஞ்சம் மேற்கே போனால் பரங்கிமலைப் பாறை. ஒரே ஊருக்குள் கடலும் சதுப்பும் மலையும் போட்டுவைத்த தரைமேல், ஒன்றும் தெரியாமல் முப்பது வருஷம் நடந்திருக்கிறேன்.

அந்தக் கிளிஞ்சல்களில் ஒன்று என் கடை மேசைமேல் இருக்கிறது. “எங்க ஊர்ல...” என்று வாயில் வரும்போது கண் அதில் போய் நிற்கிறது. என் மனைவிக்கு இப்போதெல்லாம் அடுப்படிக்கு ஓடும் வேலை குறைந்திருக்கிறது.

தினமும் காலையில் முதல் வாளித் தண்ணீரை முகத்தில் அடித்துக்கொள்ளும்போது, எங்களுக்கு இவ்வளவு கொடுக்கிற இதே மணல், என் பேச்சை நம்பி இறங்கிய ஒரு மனிதரை ஒரு சத்தமும் இல்லாமல் எடுத்துக்கொள்ள இருந்ததும், என் பேச்சைக் காதில் வாங்காத ஒரு பெண் அவரை மேலே இழுத்ததும் நினைவுக்கு வராமல் இருந்ததில்லை.