பதினாறு பஞ்சமி, பதினாறு மூட்டை

தார்வாடில் எங்கள் தெருக்கோடியில் சோள ரொட்டி தட்டி விற்பவர் நீலவ்வாக்கா. வருஷத்தில் கொஞ்ச நாளாவது அவர் ரொட்டிக்கு மாவு அரைப்பது சொந்தச் சோளத்தில்தான். நவல்குந்துப் பக்கம் அவர் அப்பா விட்டுப்போன எட்டு ஏக்கர் கரிசலில் விளைந்தது.

நிலத்தை உழுதது தம்பி கல்லப்பா. அக்காவுக்கு அதில் வருத்தமே கிடையாது. அப்பா போனதிலிருந்து வருஷம் தவறாமல் நாகபஞ்சமிக்குப் பிறந்த வீடு போவார், ஊஞ்சலாடுவார், வரும்போது ஒரு மூட்டைச் சோளத்தைப் பஸ்ஸில் ஏற்றிவருவார். மூட்டைக்குக் கிழித்துத் தந்த லக்கேஜ் டிக்கெட்டை சாமி படத்துக்குப் பக்கத்தில் ஒரு கம்பியில் குத்திவைப்பார்.

"எதுக்குக்கா இந்தக் குப்பை?" என்று ஒருதரம் கேட்டேன்.

"எம் பங்கு வந்ததுக்கு அத்தாட்சி. மாசச் சம்பளக்காரன், ஒனக்கு எங்க புரியப்போவுது?"

அப்படியிருக்க, ஒரு சங்கராந்தியன்று கல்லப்பா மொத்த நிலத்தையும் மகன் பேருக்கு எழுதப் போகிறார் என்று சேதி வந்தது. அக்கா நேரே போய்க் கேட்டார். "கட்டிக்கிட்டுப் போனவளுக்கு என்னக்கா பங்கு?" என்றார் தம்பி. அக்கா கேஸ் போட்டார்.

கல்லப்பாவின் வக்கீல் பதில் மனுவில் ஒரே போடாகப் போட்டிருந்தார். அப்பா இறந்து பதினாறு வருஷம், அன்றிலிருந்தே அக்காவுக்கு எதுவும் கொடுக்கவில்லை, அது அவருக்கும் தெரியும், காலம் கடந்துவிட்டது.

அக்காவின் வக்கீல் ரேணுகா இனாம்தார் விளக்கினார். "ஒனக்குப் பங்கு இல்லைன்னு அவங்க கதவைச் சாத்தினது தெரிஞ்ச நாள்லேருந்து பன்னெண்டு வருஷத்துக்குள்ள கோர்ட்டுக்கு வந்துடணும்கா."

"அவன் சாத்தினது இந்தச் சங்கராந்திக்குத்தானேம்மா!"

"அதைக் காட்டணுமே."

அக்கா கம்பியோடு கொண்டுவந்தார். பதினாறு டிக்கெட். முதல் மூன்றில் மட்டும்தான் எழுத்து இருந்தது. மற்ற பதிமூன்றும் மெஷின் டிக்கெட், வெளுத்து வெற்றுத் தாளாகிவிட்டன. எழுத்துள்ள கடைசி டிக்கெட்டுக்கே பதிமூன்று வயது, பன்னிரண்டுக்குள் வராது. நானும் சொந்த ஊரைவிட்டு வந்து பதினோரு வருஷம் ஆனவன். சும்மா ஒருதரம் விரல்விட்டு எண்ணிக்கொண்டேன்.

சாட்சி சொல்லும் நாளில் கல்லப்பா இளஞ்சிவப்புத் தலைப்பாகையோடு வந்தார். கூடவே பாதி ஊர். ரேணுகா கூண்டருகே போய் நலம் விசாரிப்பதுபோல் ஆரம்பித்தார்.

"பஞ்சமிக்கு அக்கா வருவாங்களா?"

"வராம? பொறந்த வீடாச்சே."

"வெறுங்கையோட அனுப்பிடுவீங்க, இல்லையா?"

பின்பெஞ்சில் யாரோ களுக்கென்று சிரித்தார்கள். கல்லப்பாவின் மீசை துடித்தது.

"எவன் சொன்னான்? பதினாறு பஞ்சமிக்கும் பதினாறு மூட்டை! நானே தோள்ல தூக்கி பஸ்ல ஏத்தியிருக்கேன். ஊரே உக்காந்திருக்கு, கேட்டுப் பாருங்க!"

அவருடைய வக்கீல் இருமினார்.

"சரி, பாவம்னு தர்மமா கொடுத்திருப்பீங்க."

வக்கீல் இன்னும் பலமாக இருமினார். கல்லப்பா அதைக் கவனிக்கிற நிலையில் இல்லை.

"தர்மமா? கூடப் பொறந்தவளுக்கு எவனாச்சும் தர்மம் போடுவானாம்மா? அப்பா நிலத்துல வெளைஞ்சது, அவ பங்கு. கொடுத்தேன்!"

இருமல் நின்றுவிட்டது. டைப் அடிக்கிற சத்தம் மட்டும் கேட்டது.

நீலவ்வாக்காவால் தாங்க முடியவில்லை. "ஐயா, அதுல ரெண்டு மூட்டை புழுத்துப்போயிருந்துச்சு."

"சும்மா இருங்கம்மா," என்றார் நீதிபதி, சிரிப்பை அடக்கிக்கொண்டு.

வெளியே வராந்தாவில் வக்கீல் தலையில் அடித்துக்கொண்டார். "ஒண்ணும் கொடுக்கலைன்னு ஒரு வார்த்தை சொல்லியிருந்தா போதுமே கல்லப்பா!"

"ஊர் முன்னாடி என்னைக் கஞ்சப்பயல்னு ஒத்துக்கச் சொல்றீங்களா சார்?"

காலம் கடந்தது என்ற வாதம் நிற்காது, நாலு ஏக்கர் அக்காவுக்கு என்று தீர்ப்பாயிற்று. அதையும் குத்தகைக்குக் கல்லப்பாவேதான் உழுகிறார்.

இந்தப் பஞ்சமிக்கு அக்கா இரண்டு மூட்டையோடு வந்து இறங்கினார்.

"ஒண்ணு குத்தகை. இன்னொண்ணு?"

"பஞ்சமி மூட்டை. கேஸுக்கும் அதுக்கும் என்னடா சம்பந்தம்?"

மூட்டைகளை என் தலையில் கட்டிவிட்டு அக்கா ஜெராக்ஸ் கடைக்கு நடந்தார், எழுத்து மங்குவதற்குள் டிக்கெட்டை நகல் எடுக்க.