வெள்ளைப் பாவாடை வரிசை

"...உம்மிலை ஒரு பிழையும் இல்லையப்பா, பிழை உவையிலைதான். முதலாவது அடியைத் தடவிப்போட்டு ரண்டாவதை ஓங்கி அடிச்சா, அது எந்தக் கணக்கிலை தாளமாகும்?"

என் கணவர் இதைச் சொன்னது டொரொண்டோவின் மேற்குப் பக்கத்தில் ஒரு தெருமூலையில், நல்ல கோடை வெயிலில். உள்ளே வளையம் வைத்த வெள்ளைப் பாவாடையும் வெள்ளைத் தலைப்பாகையுமாக நான் நின்றுகொண்டிருந்தேன். அவர் 'உவை' என்று கையைக் காட்டியது எனக்குப் பின்னால் நின்ற சம்பா மேளக்காரரை. சம்பா ஆட்டத்துக்குள் பிறந்து வளர்ந்த பிரேசில்காரருக்குத் தாளம் தெரியாது என்பதை நகரத்தின் மற்றக் கரையில் நாங்கள் குடியிருக்கும் டோர்செட் பார்க்கிலிருந்து கார் ஓடி வந்த ஒருவர் கண்டுபிடித்துவிட்டார். ஆனால் சற்று முன்பு பிழையாகச் சுற்றிப் பக்கத்தில் நின்றவரை இடித்தவள் நான்தானே.

இந்தப் பாவாடைக்குள் நான் எப்படி வந்து சேர்ந்தேன் என்று முதலில் சொல்லிவிடுகிறேன்.

எங்கள் கட்டடத்தின் லோண்டரி ரூமில் ஒரு சனிக்கிழமை மெஷின் ஒன்று பொங்கி வழிவதுபோல நின்றது. திறந்து பார்த்தால் உள்ளே முழுக்க வெள்ளை லேஸ். அதை இழுத்து எடுக்க ஒரு பெண் கஷ்டப்பட்டுக்கொண்டிருந்தார். என் வயதுதான் இருக்கும். எங்கள் மாடியிலேயே பக்கத்து வீட்டில் குடியிருப்பவர், ரியோவிலிருந்து வந்தவர், மிசிசாகாவில் விமான நிலையத்துக்குப் பக்கத்தில் வேலை. எலிவேட்டரில் சிரித்த பழக்கம் மட்டும் இருந்தது. நான் மறுபக்கம் பிடித்துக் கொடுத்தேன். இரண்டு பேரும் சேர்ந்து அதை மடித்த விதத்தில் அவருக்கு என்னைப் பற்றி ஒரு முடிவு வந்துவிட்டது.

"சீலை கட்டிற ஆள்தானே நீங்கள்? துணி உங்களுக்குப் பயமில்லை. எங்கடை சம்பா ஊர்வலத்துக்கு ஆள் காணாது, வாங்கோ" என்றார்.

எங்கள் இருவருக்கும் இடையில் ஓடிய ஆங்கிலம் இருவருக்குமே இரவல். ஆகவே அவர் சொன்னதையெல்லாம் என் தமிழிலேயே எழுதுகிறேன். அவர் கோபிக்கமாட்டார்.

அந்தப் பாவாடை ஒரு வரிசைக்கு உரியது. சம்பா ஊர்வலம் என்றால் இறகும் மினுக்கமும் இளம் பெண்களும் என்றுதான் நானும் நினைத்திருந்தேன். வேலையிடத்தில் அவர் பிரேசில் என்று வாய் திறந்தாலே, "அப்ப நீங்கள் ஆடுவியள்?" என்று கேட்டுவிட்டு அவருடைய இடுப்பைத்தான் பார்ப்பார்களாம். "ஓம், ஆடுவன். இறகு இல்லாமல்" என்பாராம். முழங்கால் சத்தம் போடத் தொடங்கிய பெண்கள் பெரிய வெள்ளைப் பாவாடையில் மெல்ல நடந்து, எல்லோரும் ஒரே நேரத்தில் சுற்றும் வரிசை அது. அது இல்லாமல் அவர்களுடைய ஊரில் சம்பாக் கூட்டம் எதுவும் தெருவில் இறங்காது.

"ஒரு காலத்திலை மேளத்தோடை றோட்டிலை போனா பொலிஸ் பிடிக்கும்" என்றார் பாவாடையின் லேஸைத் தடவிக்கொண்டு. "வடக்கே பாஹியாப் பக்கமிருந்து ரியோவுக்கு வந்த கறுப்புப் பெண்டுகள்தான் தங்கடை வீட்டிலை இடம் குடுத்தவை. முன் ஹோலிலை மரியாதையான சங்கீதம், பின் வளவிலை சம்பா. பொலிஸ் வந்தா முன் ஹோலைக் காட்டுறது. அவையின்ரை நினைவுக்குத்தான் இந்த வரிசை."

பொலிசுக்கு முன் ஹோலை மட்டும் காட்டுவது எங்கள் சனத்துக்கும் புதிதில்லை. எனக்கு அவரை அப்போதே பிடித்துவிட்டது.

அந்த வரிசைப் பெண்களை 'தியா' என்று கூப்பிடுகிறார்கள். வேறொன்றுமில்லை, எங்கள் 'அன்ரி'தான். ஆனால் எங்கள் அன்ரிமாருக்கு ஆட்டத்தில் என்ன வேலை? எங்கள் பெண்பிள்ளைகள் அரங்கேற்றம் செய்வார்கள், கலியாணம் வரும், ஆட்டம் சட்டம் போட்ட படமாகி ஹோல் சுவரில் ஏறிவிடும். என் மகளுடைய படமும் அப்படித்தான் தொங்குகிறது. அவளுடைய அரங்கேற்றத்தன்று நான் மேடைக்குப் பின்னால் ஊசியும் நூலுமாக நின்று அவளுடைய பின்னந்தலையை மட்டும்தான் பார்த்தேன். இங்கேயோ வயது போனால்தான் இடமாம். அதைக் கேட்டதும் எனக்கு வந்த ஆசையை எழுதவே வெட்கமாக இருக்கிறது. ஒரு தடவையாவது அந்த வரிசையில் நடக்கவேண்டும். ஊசி நூல் இல்லாமல், முன்பக்கத்தில்.

வீட்டில் சொன்னேன். கணவர் பேப்பரைத் தாழ்த்தினார்.

"உந்தப் பாவாடைக்குள்ளை டோர்செட் பார்க்கிலை அரைவாசிச் சனத்தை ஒளிக்கலாம். குளிர்காலத்துக்குக் கூடாரமாயும் பாவிக்கலாம். எடும், எடும்."

கலியாணம் கட்டி ரூஜ் பக்கம் குடியிருக்கும் மகள் தொலைபேசியில் சொன்னாள்: "அம்மா, இட்ஸ் ஸோ க்யூட்! பட் அப்பா ஃபேமிலி குரூப்பிலை வீடியோ போடாமல் பாத்துக்கொள்ளுங்கோ, ப்ளீஸ்."

பழகத் தொடங்கிய பிறகுதான் என் சிக்கல் தெரிந்தது. பாவாடை பாரமில்லை, முழங்காலும் அவ்வளவு மோசமில்லை. சிக்கல் தாளம். சம்பாவில் இரண்டே அடி. முதலாவதை ஒரு சின்ன மேளம் லேசாகத் தட்டும், இரண்டாவதைப் பெரிய மேளம் வயிற்றில் விழுவதுபோல அடிக்கும். பாரம் முழுக்க இரண்டாவதில். என் காலோ முதலாவதிலேயே கிளம்பிவிடும். வரிசை முழுக்க நிற்க நான் மட்டும் சுற்றுவேன். வளையத்தோடு வளையம் கொழுவினால் ஒரு தியா கீழே விழுவார், அவரோடு எல்லோரும்.

"சின்ன மேளம் கூப்பிடும், பெரிய மேளம் வரும்" என்பார் பக்கத்து வீட்டுக்காரர். "கூப்பிடேக்கை ஓடாதையுங்கோ. வந்த பிறகு போங்கோ."

ஒத்திகை ஹோலில் அவருக்குப் பக்கத்தில் நின்று பழகும்போது சரியாக வரும். வீட்டுக்கு வந்தால் போய்விடும். காரணம் எங்கள் வீட்டில் தாளம் ஒருநாளும் நிற்பதில்லை. வெள்ளிக்கிழமை பஜனையில் கைத்தாளம் என் கணவரின் கையில்தான், வேறு யார் கேட்டாலும் கொடுக்கமாட்டார். காரில் சிக்னல் போட்டால் அதற்கு ஸ்டியரிங்கில் தட்டுவார். தேத்தண்ணிக் கேத்தல் கொதித்தால் மேசையில் தட்டுவார். எல்லாம் முதல் அடியில் பாரம். கலியாணம் கட்டிய நாளிலிருந்து அந்தக் கணக்கில்தான் நான் மரக்கறி வெட்டியிருக்கிறேன், இடியப்பம் பிழிந்திருக்கிறேன். கால் வேறு எதை அறியும்?

அதிலும் மோசம் அவருடைய உதவி. கேலி ஒரு பக்கம் நடக்க, மனிசனுக்கு என்மேல் இரக்கம் வந்துவிட்டது.

"வாரும், நான் தட்டுறன். நீர் சுத்தும்."

தட்டினார். அழகாக, கணீரென்று, முதல் அடியில். நான் அவ்வளவு அழகாகப் பிழையாகச் சுற்றினேன்.

"இப்ப எவ்வளவு வடிவாய் வருது!" என்றார்.

ஊர்வலத்துக்கு முதல் வாரம் பக்கத்து வீட்டுக்காரர் என் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னார்: "தியா, வெளிக்கிட முன்னம் மூலையிலை ஒருக்கால் சுத்திப் பாப்பம். பிழைச்சால் இன்னும் ஒருக்கால். அதுவும் பிழைச்சால் நீங்கள் தண்ணிப் போத்தல் வண்டியோடை வாங்கோ. அன்பு வேறை, பாவாடை வேறை." அந்த வசனத்தை நான் இப்போது எல்லா இடமும் பாவிக்கிறேன். அன்றைக்கு மட்டும் அது நெஞ்சில் குத்தியது. தண்ணீர் வண்டி என்றால் திரும்பவும் ஊசியும் நூலும்தானே.

ஊர்வலத்தன்று காலை கணவர்தான் கார் ஓடினார். கோயில் ஆட்களுக்கு "மிசிசாகாவிலை ஒரு அலுவல்" என்று சொல்லிவைத்திருந்தார். யாரும் கண்டுவிடாமல் இருக்கத் தொப்பி வேறு. இவ்வளவு ஒளித்து வந்தவர் மேளம் தொடங்கியதும் தன்னை மறந்தார். நடைபாதையின் விளிம்பில் நின்று, மேளக்காரரைத் திருத்துவதுபோல, இரண்டு கையாலும் தட்டத் தொடங்கினார். முதல் அடியில். அத்தனை மேளத்துக்குள்ளும் அந்தக் கைச்சத்தம் எனக்குக் கேட்டது. மற்றவர்களுக்கு அது ஒரு ஆளின் கைதட்டு. எனக்கு அது வீடு. என் கால் வீட்டுக்குப் போய்விட்டது. சுற்றினேன், என் வளையம் பக்கத்து வீட்டுக்காரரின் வளையத்தில் போய் மோதியது.

மேளம் நின்றது. அவர் தலைப்பாகையைச் சரிசெய்துகொண்டு என் கணவரை மேலும் கீழும் பார்த்தார்.

"உங்கடை மனிசன் நல்ல மேளக்காரன்" என்றார் என்னிடம். "வேறை நாட்டுக்கு."

அதை நான் கணவருக்குத் தமிழில் சொன்னேன். அதற்குத்தான் அவர் நடைபாதையிலிருந்து இறங்கி வந்து, என்னில் பிழையில்லை, பிழை உவையில்தான் என்று தீர்ப்புச் சொன்னது.

நான் வாதாடவில்லை. "இஞ்சருங்கோ" என்றேன். "இன்னும் ஒருக்கால்தான் பாப்பினம். பிறகு நான் தண்ணி வண்டியோடை."

அவர் தண்ணீர் வண்டியைப் பார்த்தார். ஒரு பிள்ளைத்தள்ளுவண்டியில் போத்தல்கள் அடுக்கி, யாரோ ஒரு கறுத்தக் குடையும் செருகி வைத்திருந்தார்கள். பிறகு என் தலைப்பாகையைப் பார்த்தார். அது சரிந்திருந்திருக்கவேண்டும், கை நீட்டி நிமிர்த்திவிட்டார். நாங்கள் இருவரும் தெருவில் தொட்டுப் பேசுகிற ஆட்கள் இல்லை. திரும்பிப் போய் நடைபாதையில் ஏறி நின்றார்.

மேளம் மறுபடி எடுத்தது. சின்னது கூப்பிட்டது. நான் போகவில்லை. பெரியது வந்தது. பாவாடை தானாக விரிந்து எழும்பியது, என் இரண்டு பக்கமும் மற்றப் பாவாடைகள் எழும்பின, ஒன்றிலும் ஒன்று முட்டவில்லை. தெரு முழுக்க ஒரு வட்டம் சுற்றி வந்து என் முகம் நடைபாதைப் பக்கம் திரும்பியபோது அவரைக் கண்டேன். இரண்டு கையையும் கால்சட்டைப் பொக்கற்றுக்குள் மணிக்கட்டு வரைக்கும் திணித்துக்கொண்டு, வாயை இறுக்கி மூடியபடி, வரிசைக்குச் சமனாக நடந்து வந்துகொண்டிருந்தார். தோள் மட்டும் முதல் அடிக்குத் துள்ளிக்கொண்டிருந்தது.