தவுட்டுக்கு வாங்குன பேரு

எம்பேரு தவுடன். பட்டப்பேரு இல்ல, வெச்ச பேரே அதான். இப்ப ஆஸ்பத்திரியில சீட்டு எழுதுற பொண்ணு, "தாத்தா, நெசமான பேரச் சொல்லுங்க"ன்னு கேக்குது. அதாம்மா நெசமான பேருன்னா நம்ப மாட்டேங்குது. அப்பல்லாம் இப்படி யாரும் கேக்கமாட்டாங்க. செதம்பரத்துல எங்க தெருவுலயே இன்னொரு தவுடன் இருந்தான். பிச்சைன்னு ஒருத்தன், குப்புன்னு நாலஞ்சி பேரு. பேரக் கேட்டதுமே அந்த வூட்டுல என்னா நடந்துச்சின்னு தெரிஞ்சிடும். வேற ஒண்ணும் விசாரிக்க வேணாம்.

எங்க வூட்டுல நடந்தது இதான். எனக்கு முன்ன பொறந்ததுங்க ஒண்ணும் தங்கல. நான் பொறந்ததும் கிள்ளையிலேருந்து மீன் கொண்டாற அம்மாவ கொல்லப்பக்கமா வரச்சொல்லி, என்ன மொறத்துல போட்டு அந்தம்மா கையில குடுத்துட்டாங்க. அந்தம்மா பதிலுக்கு ஒரு மொறம் தவுடு குடுத்துச்சி. அவ்வளவுதான், என்ன வாங்கியாச்சி. அந்தத் தவுடும் எங்க வூட்டுதுதான். மொத நாளு மீனுக்கு மாத்தா எங்கம்மா போட்ட தவுட்டையே முடிஞ்சி வெச்சிருந்து திரும்பக் குடுத்திருக்குது. அப்பறம், "எம்புள்ளைய உங்க வூட்டுல வெச்சி பாத்துக்குங்க"ன்னு எங்கம்மா மடியிலயே போட்டுட்டு கூடையத் தூக்கினு போயிடுச்சி. எமன் வந்து பாப்பானாம். இது அடுத்தவ புள்ள, அதுவும் தவுட்டுக்கு வாங்குனது, இதப்போயி எவன் தூக்கினு அலையறதுன்னு திரும்பிடுவானாம். நானும் தங்கிட்டேன். அப்ப நம்பாம என்னா பண்றது?

எங்கம்மா அந்தப் பேச்ச கடைசி வரைக்கும் காப்பாத்துச்சி. தேரு பாக்கப் போனா யாராச்சும், "ஒம்புள்ளையா? நல்லா கொழுகொழுன்னு இருக்குதே"ன்னு கேப்பாங்க. "இல்லக்கா, கிள்ளக்காரம்மா புள்ள. நம்ம வூட்டுல வளருது"ன்னுடும். நான் ஏதாச்சும் சேட்ட பண்ணி அடிக்க கை ஓங்குனாலும், பக்கத்து வூட்டுல யாருனா, "ஊரான் புள்ளைய அடிக்கிறியே"ன்னா கைய எறக்கிடும். அந்த விசயத்துல எனக்கு லாபம்தான்.

அந்த மீன்காரம்மாவ நான் கடக்கரையம்மான்னுதான் கூப்புடுவேன். நல்ல கருப்பு, ஓங்குதாங்கா இருக்கும். தெருமொனையில கொரலு கேட்டா பூனையெல்லாம் எழுந்து நிக்கும். கூடைய எறக்குனதும் மொதல்ல என்னத்தான் பாக்கும். தோள அமுக்கிப் பாக்கும், வாயத் தொறக்கச் சொல்லி பல்லப் பாக்கும். "இன்னா இது, எம்புள்ள எளச்சிப்போயிட்டான்? சோறு போடறீங்களா, இல்ல எல்லாத்தயும் நீங்களே தின்னுடறீங்களா?"ன்னு எங்கம்மாவ அதட்டும். எங்கம்மாவும், "இல்லக்கா, நேத்து வயித்தால போச்சி, அதான்"ன்னு நெசமாவே பயந்து பதில் சொல்லும்.

சரி, இதெல்லாம் சின்ன வயசு. நான் சொல்ல வந்தது கல்யாணத்தப் பத்தி.

யுத்தம் நடந்துனு இருந்த காலம். பெட்ரோலு கெடைக்காது, லாரியெல்லாம் நின்னு போச்சி. மாட்டு வண்டிக்கு அடிச்சுது யோகம். எனக்கு எழுத்து வராட்டியும் மாடு பேசறது புரியும். ரெட்ட மாட்டு வண்டியில சேத்தியாத்தோப்பு பக்கத்துலேருந்து வைக்கலு ஏத்தி கூடலூருக்குக் கொண்டு போவேன். இப்ப கடலூருங்கிறாங்க, எங்களுக்கு அது கூடலூருதான். அங்க திருப்பாப்புலியூர்ல ஒரு பால்கார வூடு. கொட்டா நெறைய மாடு. வூட்டுக்காரரு திண்டிவனத்துப் பக்கம் மாடு வாங்கப் போயிட்டாருன்னு அன்னிக்கி அவரு பொண்ணு வந்து வைக்கல எறக்கிக்கிச்சி.

எறக்கறப்பவே கைய உள்ள உட்டுப் பாத்துட்டு, "இன்னா வண்டிக்காரரே, மேல காஞ்சிருக்குது, அடியில நனஞ்சிருக்குது?"ன்னா.

"வழியில தூறலு"ன்னேன்.

"தூறலு மேலதான படும்? அடியில எப்பிடிப் பட்டுச்சி? உங்க ஊர்ல மழ கீழேருந்து பெய்யுமா?"

இடுப்புல கைய வெச்சிக்கினு நிக்கிறா. அவளுக்குப் பின்னால ஒரு எரும கூட என்னையே பாக்குது. திரும்பி வர்ற வழியெல்லாம் நான் மாட்ட ஓட்டல, மாடுதான் என்ன ஓட்டினு வந்துச்சி. இந்தப் பொண்ணத்தான் கட்டிக்கணும், இல்லன்னா வேணாம்னு முடிவு பண்ணிட்டேன்.

எங்கம்மாவோட தம்பி, எந்தாய்மாமன், பேச்சுல கெட்டிக்காரரு. அவர அனுப்பினோம். எல்லாம் கூடி வந்துச்சி. வண்டி சொந்தம், காள சொந்தம், குடிப்பழக்கம் இல்ல. பொண்ணோட அப்பாவுக்குப் புடிச்சிப்போச்சி. பொண்ணுக்கும் புடிக்குதுன்னு மாமா கண்ணக் காட்டி சொன்னாரு. வெத்தல மடிச்சிக் குடுக்கறப்ப பொண்ணோட அம்மா, "மாப்பிள்ள பேரு கேக்கவே இல்லியே"ன்னு கேட்டுது. மாமாவும் "தவுடன்"னு சொல்லியிருக்காரு. வெத்தல பாதியில நின்னு போச்சாம்.

இந்தக் காலத்துப் புள்ளைங்களுக்கு இது புரியாது. புருசன் பேர பொண்டாட்டி வாயால சொல்லக்கூடாது. சொன்னா அவரு ஆயுசு கொறையும்னு ஒரு நம்பிக்க. பேரு மட்டுமில்ல, பேரு மாதிரி இருக்கற வார்த்தையக் கூட சொல்லமாட்டாங்க. செதம்பரத்துல பாதி ஆம்பளைங்களுக்கு கோயில் சாமி பேருதான். அப்ப அவுங்க பொண்டாட்டிங்க பாடு என்னா? சாமி கும்புடப் போனாலும் "சபையில ஆடறவரே, காப்பாத்துங்க"ன்னுதான் கும்புடுவாங்க. ரேசன் வந்த புதுசுல கார்டு எழுத வெளியூரு ஆளு ஒருத்தரு வந்தாரு. எங்க எதிர்வூட்டு அம்மாகிட்ட "வூட்டுக்காரரு பேரு?"ன்னாரு. அந்தம்மா கோபுரத்தக் காட்டுது. "கோபுரமா?" இல்லன்னு தலையாட்டுது. "அதுக்குக் கீழ?" இன்னும் உள்ளங்கறாப்புல கையக் காட்டுது. காலத் தூக்கிக்கூட காட்டிப்புடுச்சி, அந்தாளுக்கு வெளங்கல. கடைசியில தெருப்பசங்க கத்தி சொன்னப்பறம்தான் எழுதினாரு.

இப்படி இருக்கறப்ப பொண்ணோட அம்மா எங்க மாமாவ கேட்டுது: "அண்ணே, எங்க கொட்டாவுல நிக்கிறத பாத்தீங்க இல்ல? விடிஞ்சா தவுடு, பொழுது சாஞ்சா தவுடு. உங்க வூட்டுலயும் ரெண்டு காள இருக்குது. எம்பொண்ணு வாயத் தொறந்தாலே புருசன் பேரு வருது. அந்தப் புள்ளைக்கி ஆயுசு எப்பிடி மிஞ்சும்? பேர மாத்திட்டு வாங்க, அடுத்த நாளே தாலி கட்டிடலாம்."

மாமா, "இதானா? ராசா பேரா வெச்சிட்டா போச்சி"ன்னு சிரிச்சினே சொல்லிட்டு வந்துட்டாரு. வூட்டுல வந்து சொன்னதும் எங்கம்மா ஒக்காந்துக்கிச்சி.

"பேர எடுக்கறதா? அந்தப் பேருலதான்டா இவன் நிக்கிறான். அத எடுத்தா எம்..." "எம்புள்ள"ன்னு வாய் வரைக்கும் வந்துச்சி, முழுங்கிக்கிச்சி. "அந்தப் புள்ள என்னா ஆவறது? பொண்ணே வேணாம் போ."

பாருங்க நெலமைய. அங்க பேரச் சொன்னா நான் செத்துடுவேன். இங்க பேர மாத்துனா நான் செத்துடுவேன். ரெண்டு பக்கமும் என் ஆயுசு மேல அக்கறையா பேசறாங்க, நடுவுல என் கல்யாணம்தான் போவுது. எங்கப்பா பொகையிலையத் துப்பிட்டு, "வாங்குனவங்க இருக்கறப்ப நாம ஏன் அடிச்சிக்கணும்? அவுங்கள கேப்போம்"ன்னாரு.

கடக்கரையம்மா வந்துச்சி. விசயத்தக் கேட்டுட்டு மொதல்ல கேட்டது இதான்: "எம்புள்ளைக்கு பொண்ணு பாத்தீங்களே, எங்கிட்ட ஒரு வார்த்த கேட்டீங்களா?" எங்கப்பா எழுந்து நின்னு, "தப்புதான்"ன்னாரு. "சரி, நாளைக்குக் கெளம்புங்க. நான் வந்து பேசறேன்"னு சொல்லிடுச்சி.

மறுநா கடக்கரையம்மாவோட எங்கப்பா, அம்மா, நான் எல்லாம் கரி பஸ்ஸுல போனோம். அந்த பஸ்ஸப் பத்தி சொல்லணும். பின்னாடி ஒரு பெரிய அடுப்பக் கட்டித் தொங்கவிட்டிருக்கும். கரியப் போட்டு, கிளீனர் ஒரு சக்கரத்தப் புடிச்சி சுத்து சுத்துன்னு சுத்துனா பொக வரும், அப்பறந்தான் வண்டி எழுந்திருக்கும். மேடு வந்தா எறங்கி தள்ளணும். காசும் குடுத்து தள்ளவும் தள்ளணும். அன்னிக்கி ஆலப்பாக்கத்துகிட்ட நின்னு போச்சி. நாங்கள்ளாம் எறங்கித் தள்றோம், கடக்கரையம்மா மட்டும் மீன் கூடையோட உள்ளயே ஒக்காந்திருக்குது. கண்டக்டரு, "எம்மா, நீயும் எறங்கு"ன்னாரு. "நான் மாப்பிள்ளைக்கி அம்மாடா. சம்மந்தி வூட்டுக்குப் போறேன். நான் தள்ளுனா எம்மரியாத என்னாவறது?"ன்னுச்சி. அதோட பஸ்ஸுல எல்லாரும் என்னையே பாக்க ஆரம்பிச்சிட்டாங்க. நான் தலைய குனிஞ்சிக்கினு தள்ளுனேன்.

பால்கார வூட்டுக்குப் போயி சேந்தப்ப மத்தியானம். மாப்பிள்ளப் பையன் உள்ள வரக்கூடாதுன்னு நான் மாட்டுக் கொட்டா ஓரமா நின்னுக்கினேன். பேசறது எல்லாம் கேக்குது. கடக்கரையம்மா பேசுனா மஞ்சகுப்பம் வரைக்கும் கேக்கும்.

கூடைய எறக்கி வெச்சதும் பொண்ணோட அம்மா, "கூடலூருக்கே மீன் கொண்டாந்தீங்களா?"ன்னு கேட்டுது.

"உங்க ஊரு மீனுக்கு இந்த ருசி ஏது? சரி, பேருல இன்னா கொற கண்டீங்க?"

"கொறன்னு இல்லம்மா. பொண்டாட்டி புருசன் பேரச் சொன்னா ஆயுசு கொறையுமில்ல?"

"கொறையும். யாரு இல்லன்னா? எங்க வூட்டுக்காரரு பேர நானே ஒரு நாளும் சொன்னதில்ல. அது அவரப் பெத்தவங்க ஆசையா வெச்ச பேரு. ஆசையா வெச்ச பேர கூவுனா கண்ணு படும். இது ஆசைக்கு வெச்ச பேரா? எமன வெரட்ட வெச்ச பேரு! நாய வெரட்டணும்னா வாய மூடிக்கினா வெரட்டுவீங்க?"

அப்பறம் பொண்ணோட அம்மா கொரலு மெதுவா வந்துச்சி. "அப்பிடின்னா?"

"ஊரே அவன அந்தப் பேரச் சொல்லி கூப்புடுது. அதனாலதான் கல்லு மாதிரி நிக்கிறான். நாளைக்கி எல்லாரவிடவும் ஜாஸ்தி நேரம் பக்கத்துல இருக்கப்போறவ உம்பொண்ணு. அவ வாய மூடிக்கினு இருந்து, அந்த நேரம் பாத்து எமன் வந்தா? இன்னா பண்ணுவ?"

"அப்ப எம்பொண்ணு சொல்லலாங்கறீங்க."

"சொல்லித்தான் ஆவணும். எத்தினி தரம் கூப்புடறாளோ அத்தினி காவலு."

"ஊருல கேட்டா யாரு சொன்னான்னு சொல்றது?"

"மாமியா சொன்னான்னு சொல்லு. நான்தான் மாமியா. தவுடு குடுத்து வாங்குனவ."

எங்கம்மா பக்கத்துலயே ஒக்காந்திருக்குது. அது வாயத் தொறந்து, "ஆமாங்க, அக்கா சொல்றதுதான்"ன்னு சொன்னது கேட்டுது.

கொஞ்ச நேரத்துல கொட்டா பக்கமா வளையல் சத்தம். அந்தப் பொண்ணு செம்புல மோர எடுத்துக்கினு வாசப்படியில நிக்கிறா. பின்னால மொத்த வூடும் எட்டிப் பாக்குது. வைக்கலுக்கு அன்னிக்கி அப்பிடிப் பேசுன வாயி, இன்னிக்கி ஒட்டிக்கினு தொறக்கமாட்டேங்குது. வெறும் பேரச் சொன்னா மரியாதையா இருக்காதுன்னு நெனச்சிருப்பா போல, ஒண்ண சேத்துக்கினா.

"தவுடு மாமா, மோரு குடிக்கிறீங்களா?"

நான் அப்பிடியே நின்னுட்டேன். கூப்புட்டா பதில் சொல்லணும்னே தோணல. உள்ளேருந்து கடக்கரையம்மா, "டேய், பதில் சொல்லுடா! மோரு புளிக்கப் போவுது"ன்னு கத்துச்சி. எல்லாரும் சிரிச்சாங்க. எரும கூட கத்துச்சின்னு வெச்சிக்குங்களேன்.

தை மாசம் கல்யாணம் ஆச்சி. செதம்பரத்துல எங்க தெரு பொம்பளைங்க ஒரு மாசம் வேற பேச்சே பேசல. கட்டுன புருசன பேரு சொல்லிக் கூப்புடறவள அவுங்க பாத்ததே இல்ல. கெணத்தடியில இவ கொடத்த வெச்சிட்டு, "தவுடு மாமா, கயிற எடுத்துட்டு வாங்க"ன்னா, பத்து பேரு காத மூடிக்குவாங்க. மூடிக்கினு அவுங்களும் சிரிப்பாங்க. எதிர்வூட்டு அம்மா ஒரு நா வந்து எம்பொண்டாட்டிகிட்ட ரகசியமா, "சொல்றப்ப எப்பிடிடி இருக்குது?"ன்னு கேட்டுதாம். "வெத்தல போட்ட மாதிரி இருக்குது"ன்னாளாம் இவ.

ஆனா ஒரு தொல்லையும் வந்துச்சி. புருசன் பொண்டாட்டின்னா சண்ட வராம இருக்குமா? சண்ட வந்தா இவ பேரச் சொல்றத நிறுத்திடுவா. "இந்தா", "அந்தாளு", "வண்டிக்காரரு", இப்பிடித்தான் போவும். மத்த வூட்டுல மாமியாளுங்க, மருமவ வாய அடக்குன்னு அதட்டுவாங்க. எங்கம்மா மருமவ வாய் தொறக்கலியேன்னு அடுப்படிக்கும் வாசலுக்கும் நடக்கும்.

ஒரு நா காலையில, எதுக்கு சண்டன்னு இப்ப நெனப்பில்ல, பேச்சு வார்த்த இல்லாம நான் வண்டியப் பூட்டிட்டேன். கூடலூரு போவணும், நேரமாவுது. எங்கம்மா ஓடி வந்து காளையோட மூக்கணாங்கயித்த புடிச்சிக்கிச்சி.

"அவ இன்னும் கூப்புடல. நீ போவக்கூடாது."

"உடும்மா, வெயிலு ஏறுது"ன்னேன்.

"ஏறட்டும்." உள்ள பாத்து, "எம்மா, உங்க சண்டைய சாயந்தரமா வெச்சிக்குங்க. மொதல்ல பேரச் சொல்லி அனுப்பு"ன்னு கெஞ்சுது.

உள்ளேருந்து பாத்திரத்த டமால் டமால்னு போடற சத்தம்தான் வருது. தெருவுல அவனவன் நின்னு வேடிக்க பாக்கறான். மாடு கால மாத்திக்கினு நிக்குது. எங்கம்மா கயித்த உடல. கடைசியில எம்பொண்டாட்டி அடுப்படி சன்னலு வழியா தலைய மட்டும் நீட்டி, தெரு மொன வரைக்கும் கேக்கறாப்புல கத்துனா:

"தவுடு மாமா, போய்த் தொலைங்க!"

எங்கம்மா கயித்த உட்டுடுச்சி. "ம், இப்ப போ"ன்னுச்சி.