சனிக்கிழமை நண்பகல் சைரன்

இரண்டாயிரமாம் ஆண்டு பிறந்து சில வருடங்கள் ஆகியிருந்தன. மே மாதத்துச் சனிக்கிழமை ஒன்று. மொன்றியலின் ஜான்-டலோன் சந்தையில் காய்கறிக் கடையொன்றில் விடியுமுன் தொடங்கிய வேலையை முடித்து, மெட்ரோவில் நின்றபடியே கண்ணயர்ந்து, நோத்ர-டாம்-த-கிரேஸில் உள்ள எங்கள் அடுக்குமாடி வீட்டுக்கு வந்து சேர்ந்தேன். சப்பாத்தைக் கழற்றக்கூட அலுப்பாக இருந்தது. ஆனால் அது தங்கச்சியோடு தொலைபேசியில் பேசும் நேரம்.

அவள் அமெரிக்காவின் நடுப்பகுதியில், சமவெளி நகரம் ஒன்றில் கணவனோடும் நான்கு வயது மகளோடும் இருந்தாள். டொர்னாடோ என்கிற சுழல்காற்று அடிக்கடி வரும் பகுதி. வீதியோரக் கம்பங்களின் உச்சியில் அதற்கென்றே சைரன்களைப் பூட்டியிருக்கிறார்கள். வெளியில் நிற்பவர்களை உள்ளே ஓடச் சொல்வதுதான் அவற்றின் வேலை. சனிக்கிழமைதோறும் நண்பகலில் ஊதிச் சரிபார்ப்பார்கள். மொன்றியலில் அப்போது ஒரு மணி. முதல் தடவை தொலைபேசியில் அந்தச் சத்தத்தைக் கேட்டு நான் பதறியபோது அவள் சிரித்தாள்.

“டெஸ்ட் அக்கா. வானம் வெளிச்சா இருந்தாத்தான் ஊதிப் பாப்பினம். மழைக்குணம் எண்டால் விட்டிடுவினம். சனம் உண்மையெண்டு நினைச்சிடுமெல்லோ.”

வாரங்கள் போகப் போக எங்களுக்கு அது பழகிவிட்டது. ஊதத் தொடங்கினால் இருவரும் சற்று உரத்துப் பேசுவோம். அவ்வளவுதான்.

அன்றும் ஊதியது. அவள் மீன் கறி வைத்துக்கொண்டிருந்தாள். கணவன் காரோடு வேலைக்குப் போயிருந்தான். மகளைப் பள்ளிக்கூடத்தில் சேர்ப்பது பற்றி ஏதோ சொன்னாள். பாதி என் காதில் ஏறவில்லை. கண் சொருகியது. நான் பேச வேண்டிய முறை வந்தபோது சொல்ல எதுவும் இருக்கவில்லை. அப்படிப்பட்ட இடைவெளியில் இந்த ஊரில் எல்லோரும் கேட்பதை நானும் கேட்டேன்.

“அங்க வெயிலோ?”

“எங்கத்தை வெயில்! காலமையிலயிருந்து இருட்டிக்கொண்டு கிடக்கு. லைட்டைப் போட்டுத்தான் சமைக்கிறன்.”

சைரன் இன்னும் ஊதிக்கொண்டிருந்தது. இருட்டும் அந்தச் சத்தமும் ஒன்றாக வரக்கூடாது என்பது எனக்கு உறைக்கச் சற்று நேரம் பிடித்தது.

“இருட்டெண்டா டெஸ்ட் செய்யமாட்டினம் எண்டு நீதானேடி சொன்னனீ?”

திரைச்சீலை இழுபடும் சத்தம் கேட்டது. பிறகு, “ஐயோ அக்கா, மரமெல்லாம்…” என்றாள். மகளைக் கூப்பிட்டாள். அந்த வீட்டில் ஒதுங்க நிலவறை கிடையாது; யன்னல் இல்லாத இடம் குளியலறை மட்டும்தான். “ஓடு, பாத்ரூமுக்க ஓடு” என்று கத்தினேன். கதவு ஒன்று அடித்துச் சாத்தப்பட்டது. குழந்தை ஆங்கிலத்தில் ஏதோ கேட்டது. இணைப்பு அறுந்தது.

திரும்பத் திரும்ப எண்களை அழுத்தினேன். மணி அடிக்கவே இல்லை. வெளியே நல்ல வெயில். எதிர் பால்கனியில் ஒருவர் பூச்சட்டிகளுக்கு மண் நிரப்பிக்கொண்டிருந்தார். நான் சப்பாத்தோடேயே சமையலறைத் தரையில் உட்கார்ந்திருந்தேன். அந்தப் பயத்தில் களைப்புப் பறந்துவிட்டது என்று எழுத ஆசைதான். அது போகவில்லை. தொலைபேசியை மடியில் வைத்தபடி இரண்டு தடவை தூங்கி விழுந்தேன்.

பின்னேரம், பக்கத்து வீட்டுக்காரரின் கைத்தொலைபேசியிலிருந்து அவள் அழைத்தாள்.

“இருக்கிறம் அக்கா. குசினி யன்னல் அப்பிடியே கறிச்சட்டிக்குள்ள கிடக்கு.”

“பிள்ளை?”

“அவவுக்கென்ன. உடுப்போட பாத் டப்புக்குள்ள இருத்தினது எண்டு என்னோட கோவம்.”

இருவரும் சிரித்தோம். சிரித்துக்கொண்டிருக்கும்போதே அவள் அழத் தொடங்கினாள். “நான் அடுப்படியிலதானே அக்கா நிண்டனான்” என்றாள்.

எனக்குச் சமயோசிதம் என்று உறவினர்கள் பிறகு பாராட்டினார்கள். அது உண்மையல்ல. அவளைப் போலவே எனக்கும் அந்தச் சைரன் காதில் விழாமல் போய்விட்டிருந்தது. பேச விஷயமில்லாத தூக்கக் கலக்கத்தில் வாயில் வந்த கேள்வி அது. இப்போதும் யாராவது தொலைபேசியில் ‘அங்கே வெயிலா?’ என்று கேட்டால், எத்தனை அலுப்பாக இருந்தாலும், எழுந்து யன்னலருகே போய் வானத்தைப் பார்த்துவிட்டுத்தான் பதில் சொல்கிறேன்.